குழிக்குள் இருந்த வீரனும் பிங்கோக்காரர்களும்

என் கணவர் அல்பேட், மகாராசா வேடத்தில், ஒஸ்லோவில் உள்ள ரொம்சோஸ் மண்டபத்தின் சமையலறைக்குள் நின்றுகொண்டிருந்தார். அவருடைய ராசமுடியின் உச்சி அடுப்புக்கு மேலிருந்த புகை உறிஞ்சியில் முட்டியது. ஒரு கையில் வாள். மறு கையில் யாரோ அன்போடு கொடுத்துவிட்டுப் போன வாஃபில் அப்பம். அதைத் தின்றால் மீசை கழன்றுவிடும் என்ற பயத்தில் அப்படியே பிடித்துக்கொண்டு நின்றார். ஜாம் வழிந்து கை உறைக்குள் இறங்கிக்கொண்டிருந்தது.

"ஜெசி, இன்னும் என்னைக் கூப்பிடேல்லையோ?"

"எங்கை கூப்பிடுறது? மரியதாஸ் அண்ணை இன்னும் உங்கடை யானையளைத்தான் வர்ணிச்சுக்கொண்டு நிக்கிறார்" என்றேன்.

"குதிரையள் முடிஞ்சுதோ?"

"இல்லை. யானைக்குப் பிறகுதானாம் குதிரை."

மகாராசா பெருமூச்சு விட்டார். ஒட்டுமீசையின் இடது பக்கம் எழும்பி இறங்கியது.

இலையுதிர் காலத்து ஞாயிறு ஒன்றின் பிற்பகல் அது. வெளியே குளிர்மழை. மண்டபம் முழுக்க ஈரக் கம்பளிச் சட்டைகளின் வாசமும் கோப்பி வாசமும். அன்று நடந்ததை நான் பலருக்குச் சொல்லியிருக்கிறேன். பாதியில் சிரித்துவிட்டு எழுந்து போய்விடுகிறார்கள். எழுத்தில் என்றால் எழுந்து போவது கொஞ்சம் கடினம் என்பதால் இந்த வாரம் இங்கே சொல்கிறேன்.

முக்கியமான பத்து நிமிடம்

எல்லாவற்றுக்கும் தொடக்கம் மாரித். எங்கள் பகுதியின் கலாசார வேலைகளைப் பார்க்கும் நோர்வேஜியப் பெண். தங்கமான மனசு. பக்கத்துப் பக்கத்து மாடிகளில் வாழும் மனிதர்கள் தத்தம் நாட்டு நெடும்பாட்டுக்களை நெஞ்சுக்குள் வைத்துக்கொண்டு ஒருவரையொருவர் தெரியாமல் மின்தூக்கியில் போய்வருகிறார்களே என்று அவளுக்குக் கவலை. ஆளுக்குக் கொஞ்சம் பாடினால் என்ன என்று யோசித்தாள்.

நான் மொழிபெயர்ப்பாளர். ஆஸ்பத்திரி, சமூகநல அலுவலகம், பள்ளிக்கூடம் என்று யார் கூப்பிட்டாலும் போய் இரண்டு பக்கத்தாருக்கும் நடுவில் உட்காருவது என் வேலை. அதனால் நிகழ்ச்சியை அறிவிக்கும் பொறுப்பை என் தலையில் கட்டினாள்.

"எங்கள் நாட்டுக்கூத்து விடியவிடியப் பாடுவது" என்று அவளிடம் முன்கூட்டியே சொன்னேன்.

"எவ்வளவு அழகு!" என்றாள் மாரித். "அதிலே மிக முக்கியமான பத்து நிமிடத்தை மட்டும் பாடச் சொல். ஐந்து மணிக்கு பிங்கோக்காரர்கள் மண்டபத்தைப் பதிவு செய்திருக்கிறார்கள்." பிங்கோ என்பது எண் அட்டைகளை வைத்து இங்குள்ள முதியவர்கள் ஆடும் விளையாட்டு.

அவளிடம் முட்டை வடிவத்தில் ஒரு சமையலறை மணி இருந்தது. நேரம் முடிந்தால் கிணுகிணு என்று துள்ளும். அன்றைக்கு உலகத்துக் காவியங்கள் எல்லாம் அந்த முட்டையின் ஆட்சிக்குள் வந்தன.

பதுங்கிடத்தில் ஒத்திகை

அல்பேட்டுக்குச் சொந்த இடம் மன்னார். விமான நிலையத்தில் பெட்டிகள் ஏற்றி இறக்கும் வேலை. அவருடைய ஊர்க் கோயில் திருவிழாவில் பெர்மியான் மகாராசன் கூத்துப் போடுவார்கள். ஆணவம் பிடித்த ஒரு ராசா, கடைசியில் முழங்காலில் விழும் கதை. சின்ன வயதில் அல்பேட்டுக்குக் கிடைத்தது இரண்டாம் சேவகன் வேடம். "ஓம் பிரபு" என்பதோடு அவருடைய பங்கு முடிந்துவிடும். ராசா வேடம் கட்டுகிற வயது வந்தபோது ஊரே இடம்பெயர்ந்து போயிருந்தது.

ஆகவே அந்தப் பத்து நிமிடத்தில் அவர் ராசாவாக நிற்பது என்பது எங்கள் வீட்டில் சின்ன விஷயமில்லை.

ஒத்திகை நடந்தது எங்கள் அடுக்குமாடியின் அடியில் உள்ள குண்டுவீச்சுப் பதுங்கிடத்தில். இந்த நாட்டில் பழைய கட்டடங்களில் அப்படி ஒன்று இருக்கும். கனத்த இரும்புக் கதவு. உள்ளே பனிச்சறுக்குத் தடிகளும் காற்றுப் போன சைக்கிள்களும். குண்டு விழுந்த ஊரில் எங்களுக்கு நல்ல பதுங்கு குழி வாய்க்கவில்லை. குண்டே விழாத ஊரில் இவ்வளவு உறுதியான ஒன்று கிடைத்து, அதற்குள் மத்தளம் அடித்துக்கொண்டிருந்தோம். மேல்மாடியில் ஒருவருக்கும் கேட்கவில்லை. பதுங்கிடம் என்றால் அப்படி இருக்கவேண்டும்.

ராசமுடி செய்யும் சாமான்களை ஸ்ட்ரோம்மன் கடைத்தொகுதியில் வாங்கினோம். ஒக்டோபரிலேயே நத்தார் என்கிற கிறிஸ்மஸ் அலங்காரங்கள் வந்துவிட்டிருந்தன. அதனால் பெர்மியான் மகாராசனின் முடியில் கூர்ந்து பார்த்தால் இரண்டு மான்கள் தெரியும்.

கட்டியக்காரனாக வந்தவர் மரியதாஸ் அண்ணை. ராசா மேடைக்கு வருமுன் அவருடைய பெருமைகளைப் பாடி அறிவிக்கிற ஆள்தான் கட்டியக்காரன். அண்ணை நாட்டின் வடகோடியில் ஹம்மர்பெஸ்ட்டில் மீன் தொழிற்சாலையில் வேலை செய்கிறவர். இயந்திர இரைச்சலில் அங்கே பல வருடங்களாக யாரும் அவர் குரலைச் சரியாகக் கேட்டதில்லை. விமானத்தில் ஒரு பெட்டி கருவாட்டோடு வந்து இறங்கினார். ஒத்திகையில் அடக்கமாகத்தான் பாடினார்.

அன்றைக்குத்தான் அவர் கையில் முதன்முதலாக ஒலிவாங்கி கிடைத்தது.

யானைகள் முடியவில்லை

தொடக்கம் நன்றாகவே இருந்தது. வடக்கிலிருந்து வந்த ஒரு சாமிப் பெண் பாடினாள். சாமி என்பது இந்த நாட்டின் பூர்வீக மக்களின் பெயர். அவர்கள் ஒருவரைப் பற்றிப் பாடுவதில்லையாம், அந்த ஆளையே பாடுவார்களாம். தன் அண்ணனைப் பாடினாள். சொற்களே இல்லை. அண்ணன் கதவைத் திறந்து உள்ளே வந்து, எங்களைப் பார்த்துவிட்டு வெளியே போனது போல இருந்தது. அவ்வளவு சீக்கிரம் முடிந்தது. முட்டை அசையவே இல்லை. மாரித்தின் முகம் மலர்ந்துவிட்டது.

அடுத்து மரியதாஸ் அண்ணை.

"முத்துக்குடை பிடித்துவர முரசு மூன்று முழங்கிவர, எத்திசையும் அடிபணியும் எங்கள் ராசா வாறாரே!"

மண்டபம் அதிர்ந்தது. வாசலில் தள்ளுவண்டிக்குள் தூங்கிய குழந்தை எழும்பியது. ராசாவின் நாடு, மதில், அகழி, முதலைகள் என்று போய் யானைகளில் வந்து நின்றார். நிற்கவில்லை, அங்கேயே குடியேறிவிட்டார்.

ஒலியமைப்பைப் பார்த்துக்கொண்டவன் கார்த்திக். மதுரைப் பக்கத்துப் பையன். கணினி வேலைக்கு ஒஸ்லோ வந்தவன். "அக்கா, ராஜா எப்ப வருவாரு?" என்று கேட்டான்.

"பொறும் தம்பி."

"மைக்கை ஆஃப் பண்ணிடட்டா?"

"ஐயோ வேண்டாம், அவர் அது இல்லாமலும் பாடுவார்."

குதிரைப்படை வாசலுக்கு வந்தபோது முட்டை துள்ளியது. மாரித் எழுந்து கைதட்டினாள். எல்லாரும் தட்டினார்கள். மரியதாஸ் அண்ணை குனிந்து வணங்கிவிட்டு, வேர்த்து விறுவிறுத்து, உலகத்திலேயே சந்தோஷமான மனிதராக இறங்கி வந்தார்.

"தங்கச்சி, எப்பிடி?"

"நல்லாயிருந்தது அண்ணை. ராசாதான் வரேல்லை."

அண்ணையின் முகம் அப்படியே விழுந்தது. "அட கடவுளே" என்றார். "அல்பேட்!"

சமையலறைக் கதவு இடுக்கால் நான் அல்பேட்டைப் பார்த்தேன். அவருக்கு விளங்கிவிட்டது. அந்த வாஃபிலை ஒரேயடியாக வாய்க்குள் போட்டுக்கொண்டார். மீசை போனது.

முட்டை அடித்த இடம்

கடைசியாகப் பாட வந்தவர் ஏர்கின். கிர்கிஸ் நாட்டுக்காரர். டயர் மாற்றும் கடையில் வேலை. குளிர்காலச் சக்கரம் பூட்டும் பருவம் என்பதால் விரல் இடுக்குகளெல்லாம் கறுப்பு. வாத்தியம் எதுவும் இல்லை. கதிரையில் உட்கார்ந்து கண்ணை மூடிக்கொண்டு, கையால் காற்றை வெட்டிவெட்டிப் பாடினார். முன்வரிசையில் அவருடைய மனைவி ஐநூரா. நிறைமாதம். வயிற்றின் மேல் கைகளைக் கோத்து வைத்திருந்தாள்.

கதையை எனக்கு முன்பே நோர்வேஜிய மொழியில் சொல்லித்தந்திருந்தார். தெமிர் என்ற வீரன். வஞ்சகர்கள் வழியில் ஆழமான குழி வெட்டி மேலே புல் பரப்பிவைக்கிறார்கள். தெமிர் விழுகிறான். அவனுடைய சாம்பல் நிறக் குதிரை விளிம்பில் நின்று கனைக்கிறது.

குதிரை கனைத்தது. ஏர்கினின் தொண்டைக்குள்ளிருந்து நிஜமாகவே கனைத்தது. அந்த நேரம் பார்த்து முட்டை அடித்தது.

ஏர்கின் கண்ணைத் திறந்தார். தூக்கத்தில் படியிறங்கித் தடுக்கிய மனிதர் போலச் சுற்றும்முற்றும் பார்த்தார். மாரித் எல்லோருக்கும் நன்றி சொன்னாள். சனம் எழுந்து கம்பளிச் சட்டைகளைத் தேடியது. பிங்கோக்காரர்கள் ஏற்கனவே உள்ளே வரத் தொடங்கியிருந்தார்கள். வெள்ளைத் தலைகள், நடைவண்டிகள், தெர்மோஸ் குடுவைகள்.

ஐநூரா மட்டும் எழும்பவில்லை.

"உடம்புக்கு ஏதும் செய்கிறதா?" என்று பக்கத்தில் போய்க் கேட்டேன்.

"எனக்கு ஒன்றுமில்லை. அவன் கீழே இருக்கிறான்" என்றாள். "அவனைக் குழிக்குள் விட்டுவிட்டு வீட்டுக்குப் போய் நான் சூப் குடிக்கவா?"

மாரித் ஓடிவந்தாள். "பிரச்சினையே இல்லை! ஏர்கின், அவன் மேலே வந்துவிட்டான் என்று ஒரு வரி பாடிவிடு."

ஏர்கின் மறுத்துத் தலையை ஆட்டினார். "யார் தூக்கியது?"

"யாராவது."

"யாராவது என்று ஒருவர் பாட்டில் இல்லை" என்றார் ஏர்கின், மரியாதையாக. "தொல்குன் என்று ஒரு பெண் வருவாள். தன் நாற்பது பின்னலையும் வெட்டிக் கயிறாக்கித் தூக்குவாள். ஆனால் அவள் இன்னும் ஆறு மலைக்கு அப்பால் இருக்கிறாள்."

"அவளைக் கொஞ்சம் வேகமாக வரச் சொல்ல முடியாதா?"

"மணி அடித்ததும் பாட்டு என் கையை விட்டுவிட்டது. திரும்பப் பிடிக்க முதலிலிருந்து போகவேண்டும். குதிரை பிறந்ததிலிருந்து."

மாரித் மணிக்கூட்டைப் பார்த்தாள். குதிரை பிறக்க நேரம் இல்லை.

ஏர்கின் என்னைக் கொஞ்சம் ஒதுக்கமாக அழைத்தார். "முதல் பிள்ளை தங்கவில்லை" என்றார் மெதுவாக. "ஐநூராவின் பிறந்த வீட்டில், வயிற்றுப்பிள்ளைக்காரி கேட்டுக்கொண்டிருக்கும்போது, வீரன் கீழே விழுந்து கிடக்கிற இடத்தில் பாட்டை நிறுத்தமாட்டார்கள். பிள்ளைக்கு ஆகாதாம். நான் அப்படியெல்லாம் நம்புகிறவன் இல்லை." கறுத்த விரல்களைப் பார்த்துக்கொண்டார். "ஆனாலும், அவள் எழும்பமாட்டாள். எனக்கும் எழுப்ப மனம் வரவில்லை."

ஆஸ்பத்திரி அறைகளில் எத்தனையோ பேருடைய இப்படிப்பட்ட வசனங்களை நான் அப்பால் கடத்தியிருக்கிறேன். அவர்களுடைய "நான்" என்னுடைய வாயால் வரும், வேலை முடிந்ததும் போய்விடும். இந்த வசனத்தை யாரிடம் கடத்துவது என்று தெரியாமல் நின்றேன்.

டுக்நாட்

சமையலறைக் கதவு திறந்தது. மீசையில்லாத மகாராசா வெளியே வந்தார். பாட்டுக் கேட்டிருக்கிறது, அடித்த மணியும் கேட்டிருக்கிறது. மிச்சத்தை நான் சொன்னேன்.

"கிடங்குக்குள்ளயோ கிடக்கிறான்?" என்றார் அல்பேட்.

வயர் சுற்றிக்கொண்டிருந்த கார்த்திக் திடுக்கிட்டான். "குடோன்லயா? யாரு? பூட்டிட்டாங்களா? சாவி யார்கிட்ட?"

"கிடங்கெண்டால் குழி, தம்பி."

"அப்பாடா" என்றவன், ஒரு கணம் யோசித்துவிட்டு, "குழிக்குள்ள யாரு?" என்றான்.

அல்பேட் அதற்குள் என் பக்கம் திரும்பிவிட்டார். முடியைச் சரிசெய்துகொண்டார். "ஜெசி, அந்த மனுசனிட்டைக் கேளும். ஒரு ராசா அந்த வழியாலை வந்தால் போதாதோ? என்னட்டை யானை, குதிரை, சேனை எல்லாம் இருக்கு. அண்ணை இவ்வளவு நேரமும் அதைத்தானே சொன்னவர்."

நான் மொழிபெயர்த்தேன். வேலையில் எப்படிச் செய்வேனோ அப்படியே, முகத்தில் ஒன்றும் காட்டாமல். ஏர்கின் தன் கதிரையடிக்குத் திரும்பிப் போனார். கதிரையில் ஏறாமல், குழிக்குள் இருப்பவன் போல நிலத்தில் உட்கார்ந்தார். கண்ணை மூடினார். ஏதோ ஒரு வரியை மேல்நோக்கிப் பாடினார்.

"என்ன சொல்லுகிறான்?" என்று மாரித் கேட்டாள். அவளும் ஏர்கினைப் பற்றிக் கேட்கவில்லை, குழிக்குள் இருந்தவனைப் பற்றித்தான் கேட்டாள்.

ஐநூரா சொன்னாள்: "மேலே நிற்பது யார், ஏழு தலைமுறையையும் சொல் என்கிறான். தெரியாதவன் கையைப் பிடிக்கமாட்டான்."

எல்லாரும் மரியதாஸ் அண்ணையைப் பார்த்தோம்.

அந்த மனிதர் கோட்டுப் போட்டுத் தொப்பியும் வைத்து வாசலுக்குப் போயிருந்தார். "நானோ?" என்றார். தொப்பியைக் கழற்றினார். "சுருக்கமாத்தான் பாடுவன்" என்று சத்தியம் பண்ணாத குறையாகச் சொன்னார். ஒலிவாங்கி இல்லாமலே பாடினார். யானைகளைத் தொடவே இல்லை. தகப்பன், பாட்டன், பூட்டன் என்று ஏழு பேரையும் அந்த இடத்திலேயே கட்டினார். அவற்றில் இரண்டு ஹம்மர்பெஸ்ட்டில் அவரோடு வேலை செய்பவர்களின் பெயர்கள் என்று பிற்பாடு ஒத்துக்கொண்டார்.

பிறகு அல்பேட் வந்தார்.

"வந்தனன் பெர்மியான் மன்னன் வந்தனன், வானமும் பூமியும் வணங்கிட வந்தனன்!"

ராசா மேடையேறும்போது ஆடுகிற வரவு ஆட்டத்தைப் பிங்கோ மேசைகளுக்கு நடுவால் ஆடிக்கொண்டு வந்தார். பெட்டி தூக்கித் தூக்கி வீணாய்ப்போன முழங்கால் அவருக்கு. அன்று அந்த நோவு எங்கே போனதோ தெரியாது. நான் அவரோடு இத்தனை வருடம் வாழ்ந்திருக்கிறேன். அந்த முகத்தை அதற்கு முன் பார்த்ததில்லை. பிங்கோக் கிழவிகளில் ஒருத்தி கையிலிருந்த அட்டையை நெஞ்சோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டாள்.

குழியின் விளிம்புக்கு வந்ததும் அல்பேட் தன் சால்வையை அவிழ்த்துக் கீழே விட்டார். நிலத்தில் இருந்த ஏர்கின் மறு நுனியைப் பிடித்தார். அல்பேட் இழுத்தார். ஏர்கின் அசையவில்லை.

"பாரம்" என்றாள் ஐநூரா. "கவசம் போட்டிருக்கிறான்."

மாரித் சால்வையைப் பிடித்தாள். அண்ணை பிடித்தார். கார்த்திக் "குழிக்குள்ள யாருன்னு கடைசி வரைக்கும் சொல்லல" என்று முணுமுணுத்துக்கொண்டே பிடித்தான்.

பிங்கோ நடத்துகிறவர் ஒட்வார் என்ற உயரமான முதியவர். அவர் மெல்ல என்னிடம் வந்து, "மன்னிக்கவும். இது டுக்நாட்தானா?" என்று கேட்டார்.

அக்கம்பக்கத்தார் கூலியில்லாமல் கூடிச் செய்கிற வேலைக்கு இந்த ஊரில் டுக்நாட் என்று பெயர். இலை கூட்டுவது, வேலிக்குப் பெயின்ட் அடிப்பது. அந்தச் சொல்லைக் கேட்டபிறகு ஒரு நோர்வேஜியர் உட்கார்ந்திருப்பது கடினம்.

"ஓம்" என்று என்னையறியாமல் தமிழில் சொன்னேன்.

ஒட்வார் திரும்பினார். "டுக்நாட்!"

நடைவண்டிகள் ஓரம் தள்ளப்பட்டன. தெரியாத மனிதர்கள் ஒருவர் இடுப்பை ஒருவர் பிடித்தார்கள். ஒட்வார் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணிக் கொடுத்தார். அவர் பழைய கப்பல்காரர் போலும். ஏர்கின் பாடத் தொடங்கினார். முதலில் சன்னமாக, பிறகு கை காற்றை வெட்ட ஆரம்பித்தது. பாட்டு அவரைத் திரும்பப் பிடித்துக்கொண்டது. ஐநூரா விரல்களால் வயிற்றில் தாளம் போட்டாள். சால்வை கிழிகிற சத்தம் கேட்டது. ஏர்கின் முழங்காலில் எழுந்தார், ஒரு காலை ஊன்றினார், நிமிர்ந்தார்.

குதிரை மறுபடியும் கனைத்தது.

மண்டபமே கத்தியது. மாரித் அழுதுகொண்டே நேரம் என்ன என்று கேட்டாள். ஐநூரா கதிரையின் கையைப் பிடித்து மெல்ல எழுந்து, கம்பளிச் சட்டையின் பொத்தான்களைப் போட்டாள். வயிற்றுக்கு மேலே இரண்டு பொத்தான் பூட்டப்படவில்லை. "இப்போது போகலாம்" என்றாள்.

தொல்குன் வந்துவிட்டாள்

பனி கொட்டத் தொடங்கிய பிறகு ஒருநாள் ஏர்கின் தொலைபேசியில் அழைத்தார். மகன் பிறந்துவிட்டான், நல்ல சுகம். அல்பேட் பக்கத்திலிருந்து கையைத் தூக்கி ஆண்டவருக்கு நன்றி சொன்னார்.

"ஆனால் ஒரு சிக்கல்" என்றார் ஏர்கின்.

மறுநாள் ஞாயிறு, மூவரும் எங்கள் வீட்டுக்கு வந்தார்கள். பிள்ளை கம்பளிக்குள் ஒரு சின்ன ரொட்டி மாதிரி. நான் பொரித்த றோல்ஸும் தேநீரும் வைத்தேன். ஏர்கின் தொடவில்லை.

"பிள்ளைக்காக முதலிலிருந்து பாடிக்கொண்டு வந்தேன்" என்றார். "நேற்றுத் தொல்குன் வந்துவிட்டாள். ஆறு மலையையும் தாண்டி வந்துவிட்டாள். பின்னல்களையெல்லாம் வெட்டிக் கயிறு திரித்து வைத்திருக்கிறாள். குழிக்குள் எட்டிப் பார்க்கிறாள். யாரும் இல்லை."

"ஐயையோ" என்றார் அல்பேட்.

"அங்கேயே நிற்கிறாள். என்ன சொல்வது என்று எனக்குத் தெரியவில்லை. எனக்குக் கற்றுத் தந்தவர்களுக்கும் தெரியாது, அவர்கள் காலத்தில் குழியில் ஆள் இருந்தது."

"நான் போய் மன்னிப்புக் கேக்கட்டோ?" என்று அல்பேட் என்னைக் கேட்டார். "பாதி ராச்சியத்தைக் குடுப்பமோ?"

"கோபமாக இருக்கிறாளா?" என்று ஐநூராவிடம் கேட்டேன்.

"தெரியாது" என்றாள். "இவர் ஆண்பிள்ளை. அவளை எப்படிப் பேசவைப்பது என்று தெரியாமல் நேற்றிலிருந்து முழிக்கிறார். எனக்குப் பாட வராது."

 ஏர்கின் என்னைப் பார்த்தார், வழக்கமாக எல்லாரும் பார்ப்பது போல, நான் எதையோ யாருக்கோ சொல்லப்போகிறேன் என்று. அல்பேட்டின் ஊர்க் கூத்தில் பெண்கள் ஏறுவதில்லை. ராணிக்கும் ஒரு ஆண்தான் சேலை கட்டுவார். பதுங்கிடத்து ஒத்திகைகளிலும் நான் ஒரு வரி பாடியதில்லை. ஆனால் அன்று அந்தப் பெண் குழி விளிம்பில், குளிரில், மொட்டையாக வெட்டிய தலையோடு நிற்பது எனக்கு அவ்வளவு தெளிவாகத் தெரிந்தது.

தேத்தண்ணீர்க் கோப்பையை வைத்துவிட்டு எழுந்தேன். ராசாவின் தரு என்கிற கூத்துப்பாட்டின் மெட்டுத்தான் வந்தது, கொஞ்சம் தாழ்த்திப் பிடித்தேன்.

"ஆறுமலை தாண்டிவந்தேன் ஆளில்லாத குழியைக் காண, அரிந்தெடுத்த கூந்தலுக்கு ஆர் எனக்குப் பதில் சொல்வார்..."

குரல் நடுங்கியது. இரண்டாம் முறை நடுங்கவில்லை. மூன்றாவது வரி எங்கிருந்து வந்ததென்று எனக்குத் தெரியாது. அல்பேட் வாயைத் திறந்தபடி இருந்தார். ஏர்கினின் கறுத்த கை முழங்காலில் தானாகத் தாளம் போட்டது. பிள்ளை ஒரு கண்ணைத் திறந்து பார்த்தது.

ஐநூரா என் சேலைத் தலைப்பைப் பிடித்து இழுத்தாள். "என்ன சொல்லுகிறாள்? மொழிபெயர், ஜெசி, என்ன சொல்லுகிறாள்?"

"பொறு" என்றேன். "நான் இன்னும் முடிக்கவில்லை."